சித்ரகுப்தரின் ஏடும் ஸ்டாசியின் கோப்பும்

சித்ரா பௌர்ணமியன்று அம்மா உப்பில்லாமல் சாப்பிட்டு விரதம் இருப்பார். காஞ்சிபுரத்தில் சித்ரகுப்தர் கோயிலுக்குக் கூட்டிப்போய், "நம்ம கணக்கெல்லாம் இவர்கிட்டதான்டா இருக்கு" என்பார். ஏடும் எழுத்தாணியுமாக உட்கார்ந்திருக்கும் அவரைக் கண்டு நான் பயந்ததே இல்லை. ஏன் பயமில்லை என்று யோசிக்க வைத்தது கிழக்கு ஜெர்மனியின் உளவுத்துறையான ஸ்டாசி.

ஒன்றரைக் கோடிக்குச் சற்று மேல் மக்கள் வாழ்ந்த நாடு அது. 1989-இல் ஸ்டாசியின் முழுநேர ஊழியர்கள் சுமார் 91,000 பேர். அக்கம்பக்கத்தாராகவும் நண்பராகவும் இருந்துகொண்டே துப்புக் கொடுத்தவர்கள் சுமார் 1,89,000 பேர். அவர்கள் எழுதிக் குவித்த கோப்புகளை வரிசையாக அடுக்கினால் 111 கிலோமீட்டர் நீளும். சிரிப்புக்கும் அதில் கணக்கு உண்டு. பெர்லின் சுவர் எழுந்த 1961-இல், லைப்சிக் மாணவர்களின் அங்கத நாடகக் குழுவைக் கைது செய்தார்கள். அதை நடத்திய பீட்டர் ஸோடன் பல மாதம் சிறையில் இருந்தார். ஆட்சியைக் கேலி செய்கிறவன் தன் மனத்தில் ஒரு மூலையை ஆட்சிக்குக் கொடுக்காமல் வைத்திருக்கிறான். அந்த மூலையும் அவர்களுக்கு வேண்டியிருந்தது.

"தப்பு செய்யாதவனுக்கு என்ன பயம்? எல்லாம் அறிந்த கடவுளைக் கும்பிடுகிற நீங்கள் எல்லாம் அறிய நினைக்கும் அரசை ஏன் வெறுக்கிறீர்கள்?" என்று நண்பர் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்விதான். சித்ரகுப்தர் பாவத்தோடு புண்ணியத்தையும் எழுதுகிறார். உயிர் போன பிறகுதான் ஏட்டைப் பிரிக்கிறார். அதுவரை மனிதன் திருந்தலாம். பார்த்துக்கொண்டே இருந்தாலும் கடவுள் நம் கையைப் பிடித்து நிறுத்துவதில்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, கணக்கெழுத அவருக்கு ஒற்றர்கள் தேவையில்லை. ஸ்டாசியோ, வேரா வோலன்பெர்கர் என்ற எதிர்ப்பாளரைப் பற்றி அவருடைய கணவரிடமே தகவல் வாங்கியது. 'டொனால்ட்' என்ற பெயரில் துப்புக் கொடுத்தது தன் கணவர்தான் என்பது ஆட்சி விழுந்த பிறகே அவருக்குத் தெரிந்தது. ஒரு வீட்டுக்குள் இருந்த நம்பிக்கையைத் தின்றுதான் அந்தக் கோப்பு தடித்தது. இதைச் செய்கிற எந்தப் பார்வைக்கும் தெய்வத்தின் பெயரைச் சொல்ல எனக்கு வாய் வராது.

1990 ஜனவரி 15 அன்று பெர்லின் மக்கள் ஸ்டாசி தலைமையகத்துக்குள் புகுந்தார்கள். 1992 முதல் எவரும் தம்மைப் பற்றிய கோப்பைக் கேட்டு வாங்கிப் படிக்கலாம். இன்றும் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.