பொய் முற்றம்

பொய் சொல்லாதே என்று குழந்தைக்குக் கற்பிக்கிறோம். பொய்ச் சுவர் எழுப்பி, அதற்கு மேலே பொய் வானத்தையும் விரித்து, அதையே தொழிலாகக் கொண்டு வாழ்கிறவனை எந்த வரிசையில் வைப்பது? நடக்காததை நடந்ததாக எழுதிக் காசு வாங்குகிறவன் நான். இந்தக் கேள்வியிலிருந்து எனக்குத் தப்ப வழியில்லை.

சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' 1956-ல் வெளிவந்த படம். அதில் வருகிற கங்கைப் படித்துறைகள் நிஜமான காசி. ஆனால் ஹரிஹரன் நோயில் விழுந்து கண் மூடுகிற வீடு காசியில் இல்லை. கல்கத்தாவில் ஒரு ஸ்டூடியோவுக்குள் இருந்தது. திறந்த வெளியில் அந்த முற்றத்தைக் கட்டத்தான் முதலில் எண்ணினார்கள். மழைக்கு அஞ்சி உள்ளே கட்ட வேண்டியதாயிற்று. முற்றத்தில் மேலிருந்து இறங்குகிற நிழலற்ற வெளிச்சத்துக்கு எங்கே போவது? ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா வானம் தெரிய வேண்டிய இடத்தில் வெள்ளைத் துணியைக் கட்டி, கீழிருந்து விளக்கொளியை அதில் பாய்ச்சித் திருப்பிவிட்டார். பார்த்தவர்கள் காசி வீட்டையே கண்டார்கள்.

அந்த முற்றத்தை உண்டாக்கியவர் பன்ஸி சந்திரகுப்தா. 1924-ல் பிறந்து, ஓவியனாகும் ஆசையோடு கல்கத்தா வந்தவர். பிரெஞ்சு டைரக்டர் ழான் ரெனுவார் வங்காளத்தில் எடுத்த 'தி ரிவர்' படத்தில் தொழில் பழகினார். 1955-ல் வந்த 'பதேர் பாஞ்சாலி', 1964-ல் வந்த 'சாருலதா', 1977-ல் வந்த 'சத்ரஞ்ஜ் கே கிலாரி' எல்லாம் அவர் கைபட்டவை. 1981-ல் காலமானார்.

இவர் செய்தது ஏமாற்று அல்லவா? டிக்கெட் வாங்கும்போதே சினிமா என்று தெரியுமே, பிறகென்ன ஏமாற்று என்று சிலர் சொல்லக்கூடும். அந்தச் சமாதானம் எனக்குப் போதவில்லை. கதை பொய் என்று தெரிந்துதான் உட்காருகிறோம். சுவரும் பொய் என்று அந்த நேரத்தில் நமக்குத் தெரியாது. ஆகவே பொய்யை வேறு தராசில் நிறுத்தாக வேண்டும். பொய்யன் நம்மிடமிருந்து எதையோ எடுத்துக்கொள்கிறான். பொய்த் தராசு வைத்திருக்கும் கடைக்காரன் அரிசியை எடுத்துக்கொள்கிறான். பொய்ச் சாட்சி சொல்கிறவன் ஒருவன் மானத்தையே எடுத்துக்கொள்கிறான். பன்ஸி எதை எடுத்துக்கொண்டார்? ஒரு விதவையின் துயரத்தை அருகிலிருந்து காண நமக்கு இடம் கட்டிக் கொடுத்தார். அதற்கு விலையாகத் தம்மைத்தான் இழந்தார். சுவரைப் பார்த்து ஒருவன் "ஆகா, என்ன வேலைப்பாடு!" என்று வியந்துவிட்டால் அவர் தோற்றார் என்று அர்த்தம். ஒருவரும் கவனிக்காமற் போனால் அதுவே வெற்றி.

இங்கேதான் நம்முடைய பொய் ஆரம்பமாகிறது. அவர் மறைந்து நின்றதையே சாக்காக வைத்து, அவரை மறந்து போகவும் நமக்கு உரிமை உண்டென்று நினைத்துக்கொள்கிறோம். வீட்டிலும் இதே கதைதான். சாப்பாடு நன்றாயிருக்கும் நாளெல்லாம் சமைத்தவளைப் பற்றிப் பேச்சில்லை. உப்புக் குறைந்த அன்றைக்கு மட்டும் அவள் ஞாபகம் வருகிறது. அவளுடைய அடக்கத்தை நம்முடைய நன்றிகெட்டதனத்துக்குத் திரையாக்கிக்கொள்கிறோம்.

ஹாலிவுட்டில் வில்லியம் காமரான் மென்ஸீஸின் உழைப்புக்கு 'ஆர்ட் டைரக்டர்' என்ற பழைய பெயர் போதாதென்று, 1939-ல் வந்த 'கான் வித் தி விண்ட்' படத்தில் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் 'புரொடக்ஷன் டிசைனர்' என்று புதுப் பெயரே கொடுத்தார். மறைந்து நிற்கிறவனைத் தேடிப் போய்ப் பெயர் சொல்லி அழைப்பது அது.

தன்னை மறைத்துக்கொள்வது தொழிலாளியின் தர்மமாக இருக்கலாம். அவனைத் தேடிக் காண்பது நம்முடைய தர்மம். முன்னதை அவன் கூலிக்குச் செய்தானா, அன்புக்குச் செய்தானா என்று ஆராய வேண்டியதில்லை. பின்னதை நாம் செய்தோமா என்பதற்கு மட்டும் நாம் பதில் சொல்லியாக வேண்டும்.