கண் காண்பதும் உயிர் அறிவதும்



பங்குனி உத்தரத்தன்று மாலை, எம்மிடங் கற்கும் மாணாக்கர் சிலரை அழைத்துக்கொண்டு திருக்கோணமலைச் சுவாமிமலைக்குச் சென்றேம். கோணேசப் பெருமானைத் தரிசித்தபின், கீழ்க்கடலை நோக்கி நின்றேம். சிறிது பொழுதிற் கடலின் விளிம்பினின்றும் சந்திரன் எழுந்தது. தாம்பாளம் போன்ற அதன் பெருமையைக் கண்டு பிள்ளைகள் ஆரவாரித்தனர். “ஏன் இவ்வளவு பெரிது?” என வினவினேம். “கிட்ட வந்துவிட்டது ஐயா” என்றான் ஒருவன். “கடலாவி பூதக்கண்ணாடிபோலப் பெருப்பிக்கிறது” என்றான் மற்றொருவன். பின்னவன் விடையையே பெரியோர் பலருஞ் சொல்லக் கேட்டுள்ளேம்.

யாம் ஆளுக்கொரு கடலைப்பருப்பைக் கொடுத்து, கையை நன்றாக நீட்டி, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, அதனாற் சந்திரனை மறைக்கும்படி கூறினேம். அத்துணைச் சிறு பருப்பு அத்துணைப் பெரிய சந்திரனை முற்றாக மறைத்தது. நடுநிசியிலே, சந்திரன் உச்சியிற் சிறுத்து நிற்கும்போது, தத்தம் வீட்டு முற்றத்தில் நின்று அவ்வாறே செய்துபார்க்கும்படி பணித்தேம். மறுநாட் காலையில் அவர்கள் கொணர்ந்த விடை ஒன்றே: அதே பருப்பு, அதே அளவாக மறைத்தது.

சந்திரன் வளரவுமில்லை, தேயவுமில்லை. நமக்கும் அதற்கும் இடைத்தூரம் ஏறக்குறைய 384,400 கிலோமீற்றர். அஃது அடிவானில் நிற்கும்போது, உச்சியில் நிற்பதினும் பூமியின் ஆரையளவு, அதாவது 6,370 கிலோமீற்றர் வரையில், நமக்குச் சேய்மைப்பட்டே நிற்கும். ஆதலின் கணக்கின்படி அஃது அறுபதிலொரு பங்கு சிறிதாகவே தோன்றல்வேண்டும். கமெராவிற் படம்பிடித்துப் பார்ப்பின் பெருமை மறைந்துபோம். எனவே, பெருத்தது சந்திரனுமன்று, விழித்திரையில் விழுந்த உருவுமன்று.

பின்னர்ப் பெருத்தது யாது? 11-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அராபியப் பேரறிஞர் இபின் அல்-ஹைதம், இது காண்போனுடைய துணிபின்கண் நிகழ்வதென்று கூறினார். கடலும் தோணிகளும் இடையே பரந்து கிடத்தலின், அடிவானம் மிகத் தொலைவினதென உள்ளங் கருதுகின்றது. தொலைவிலுள்ளதொன்று கண்ணில் இவ்வளவு இடங்கொள்ளின், அது பெரிதாதல் வேண்டுமன்றோ? இதுவே முழுக்காரணமென இக்கால அறிஞர் யாவரும் ஒப்புக்கொண்டிலர். ஆயினும் பிழை உள்ளத்தின் பாலதென்பதில் ஐயமில்லை. 19-ஆம் நூற்றாண்டில் ஜெர்மானிய விஞ்ஞானியாகிய ஹெல்ம்ஹோல்ட்ஸ், காட்சி யாவற்றினுள்ளும் நாம் அறியாமலே ஓர் அநுமானம் நிகழ்கின்றதென்றார். அளவை நூல் பயின்ற நமக்கு இது வியப்பாகத் தோன்றாது.

இங்கே ஒரு வேறுபாடு குறித்தல்வேண்டும். நண்பகலில் நிலாவெளி வீதியிலே நீர் தேங்கியதுபோலத் தோன்றுங் கானல் இவ்வகையினதன்று. வெப்பமுற்ற காற்றில் ஒளி மெய்யாகவே வளைந்து வருகின்றது. கமெராவும் அதனைப் படம்பிடிக்கும். ஆண்டுப் பிழை வழியிலுள்ளது. சந்திரனிடத்துப் பிழை காண்போனிடத்துள்ளது. இரண்டனையும் ஒன்றாகக் குழப்பி மாணாக்கர்க்குக் கற்பித்தலாகாது.

யாம் சிறுவராயிருந்தபோது பயின்றது மிஷன் பாடசாலையில். ஆண்டு ஓர் ஆசிரியர் கரும்பலகையில் ஒத்த நீளமுள்ள இரு கோடுகளை வரைந்தார். ஒன்றன் முனைகளில் அம்புத்தலைகள் உட்புறமாக மடிந்தன. மற்றையதில் வெளிப்புறமாக விரிந்தன. விரிந்தது நெடிதாகத் தோன்றிற்று. 1889-ஆம் ஆண்டில் முல்லர்-லயர் என்பவர் வெளியிட்ட உருவம் அது. அடிமட்டம் வைத்து இரண்டும் சமமெனக் காட்டியபின், “உங்கள் சமயமும் இப்படித்தான், உலகமெல்லாம் வெறுந்தோற்றம் என்று சொல்கிறது” என்று நகைத்தார். யாம் விடை சொல்லத் தெரியாது தலைகவிழ்ந்திருந்தேம். அன்றைய நாணம் நெடுங்காலம் எம்மை விட்டு நீங்கவில்லை.

விடை அவர் கையிலிருந்த அடிமட்டத்திலேயே இருந்தது! கோடு இல்பொருளாயின் அதனை அளப்பது யாங்ஙனம்? அடிமட்டத்தைக் கண்டதும் அதே கண்ணன்றோ? சைவசித்தாந்தம் உலகைப் பொய்யென்று ஒருகாலுங் கூறிற்றில்லை. மாயை உள்பொருள்; உலகு அதன் காரியம்; ஆகவே அதுவும் உள்ளதே. ஐயமுந் திரிபும் நீங்கிய காட்சியே அளவையாமென அருணந்தி சிவாசாரியர் சிவஞானசித்தியாரில் வரையறுத்தார். கயிற்றைப் பாம்பெனக் கொள்வது திரிபு. திரிபு உண்டென்பதனாலேயே திரிபில்லாத காட்சியும் உண்டென்பது பெறப்படும்.

எனினும் அவ்வாசிரியர் காட்டிய கோட்டில் அவரே கவனியாத ஒன்று உண்டு. அளந்து சமமென அறிந்தபின்னும் அது நெடிதாகவே தோன்றிக்கொண்டிருக்கின்றது. அறிவு வந்தது, திரிபு போகவில்லை. யாம் ஐம்பது வயது கடந்தும், சந்திரனை அளந்தறிந்தும், கடலின்மேல் அதனைப் பெரிதாகவே காண்கின்றேம். ‘யான், எனது’ என்பது ஆணவமலத்தின் மறைப்பென்று நூல் படித்து அறியாதார் நம்முள் யார்? அறிந்தும், சம்பளச் சீட்டில் ஐந்து ரூபா குறைந்தவுடன் அஃது எங்ஙனம் பொங்கி எழுகின்றது! நூலறிவு ஒன்றே மலத்தை நீக்கிவிடுமாயின், படித்தோரெல்லாம் முத்தரன்றோ?

கண் தானே காணாது. உயிர் உடனின்று காட்டினாலன்றி அதற்குக் காட்சி இல்லை. அவ்வுயிருந் தானே அறியாது. சிவன் உடனின்று காட்டியுங் கண்டும் உதவினாலன்றி அதற்கு அறிவு இல்லை. சிவஞானபோதம் பதினோராஞ் சூத்திரத்தின் கருத்து இது. காட்டும் உபகாரம், காணும் உபகாரம் என நாம் மாணாக்கருக்கு மனனஞ் செய்விக்கும் இச்சொற்களின் முதற்பாதிக்குத் தகுந்ததோர் உவமை அண்மைக்காலத்தில் தில்லிமாநகரிற் கிடைத்தது.

பிறவியிலேயே கண்புரையாற் பார்வையிழந்த சிறார்க்குச் சிகிச்சை செய்வித்து, அவர்கள் காணக் கற்கும் முறையை ஆராயும் ‘பிரகாஷ்’ என்னும் திட்டத்தைப் பேராசிரியர் பவன் சின்ஹா தொடங்கினார். 2011-இல் வெளிவந்த ஆய்வொன்றிலே, புதிதாகப் பார்வைபெற்ற பிள்ளைகள், கையால் தடவி அறிந்த பொருளைக் கண்ணாற் பார்த்தபோது இன்னதென இனங்காண இயலாது தடுமாறினர். கண் திறந்தது, ஒளி புகுந்தது, காட்சி நிகழவில்லை. சில நாட் பழகியபின்னரே இயன்றது. மற்றொன்றுங் கேண்மின்: 2015-இல் வெளிவந்த ஆய்வில், பார்வைபெற்ற சிறிது காலத்துள்ளேயே அத்தகைய பிள்ளைகள் ஒன்பதின்மர் முல்லர்-லயர் கோட்டினால் நம்மைப்போலவே மயங்கினர். பொருளை அறியப் பழக்கம் வேண்டியிருந்தது, மயங்குதற்கோ வேண்டவில்லை!

இதனை எழுதத் தூண்டியது வேறொன்று. பல்லாண்டுகளின்முன் எம் வகுப்பில் ஒரு மாணாக்கன் வேப்பிலைக்கு மண்ணிறம் தீட்டினான். திருத்தச் சொன்னேம், மீண்டும் அவ்வாறே தீட்டினான். பரிகாசஞ் செய்கிறானென எண்ணிப் பிரம்பால் அடித்தேம். வளர்ந்தபின் அவன் கப்பல்வேலைக்கு விண்ணப்பித்தான். கப்பலின் இடப்புறம் செவ்விளக்கும் வலப்புறம் பச்சைவிளக்கும் எரியுமாதலின், நிறம் பிரித்தறியுஞ் சோதனை ஆண்டு இன்றியமையாதது. அதில் அவன் தேறவில்லை. ஆண்மக்களிடத்தே மிகுதியாகவும், தாய்வழியாகவும் வருங் குறை அது. வீடுதேடி வந்து, திண்ணையில் நின்றபடியே, “ஐயா, அன்றைக்கு நான் பொய் சொல்லவில்லை” என்றான்.

அவனை உள்ளே அழைத்து, அடித்த குற்றத்துக்காக மன்னிப்புக் கேட்டேம். அவன் கூச்சத்தால் நிலத்தை நோக்கினான். தேநீர் அருந்தி எழுந்து சென்றான்.

அன்றுதொட்டு, ஆண்டுத் தொடக்கத்திற் சித்திரவகுப்புக்கு முன்னர், புள்ளிகளுள் எண் மறைந்துள்ள இஷிஹராவின் அட்டைகளைப் பிள்ளைகளுக்குக் காட்டி வருகின்றேம். இவ்வாண்டு இருவர் எண்ணைக் காணவில்லை. அவ்விருவருடைய வர்ணப்பெட்டியிலும் ஒவ்வொரு கட்டியின் அருகிலும் நிறத்தின் பெயரை எழுதி ஒட்டியிருக்கின்றேம்.