சரவாங்கிக்குப் பொன் ஊசி

1

மதுரை வண்டியூர் தெப்பக்குளத்தைச் சுற்றிக் காலையில் நடப்பவர்களின் பேச்சில் பாதி மூட்டைப் பற்றித்தான் இருக்கும். முழங்கால் தேய்ந்தால் ‘வாயு’ என்பார்கள், இடுப்பு பிடித்துக்கொண்டால் ‘வாதம்’ என்பார்கள். இரண்டு கை விரல் மூட்டுகளும் ஒன்றுபோல வீங்கி, விடிந்து வெகுநேரம் ஆகியும் விரல் மடங்காமல் விறைத்துக் கிடந்தால் அதற்கென்று தனிப்பெயர் இருக்கிறது: சரவாங்கி. டாக்டர் சீட்டில் ருமட்டாய்டு ஆர்த்ரைடிஸ் என்று எழுதுவார். தமிழில் எழுதுபவர்கள் முடக்குவாதம் என்பார்கள்.

சென்ற நூற்றாண்டில் பல பத்தாண்டுகள், உலகம் முழுக்க இந்த நோய்க்குத் தங்கத்தை ஊசியில் ஏற்றினார்கள். மருத்துவ அகராதியில் அந்தச் சிகிச்சையின் பெயர் கிரைசோதெரபி. கிரேக்கத்தில் கிரைசோஸ் என்றால் பொன். பழைய பாடப்புத்தகங்களிலும், ஓய்வுபெற்ற மூட்டு மருத்துவர்களின் பேச்சிலும் மட்டுமே அந்தச் சொல் இப்போது மிச்சமிருக்கிறது. சொல்லை விட்டுவிட்டு அந்த ஊசியைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்கலாம் என்று தோன்றியது.

2

தங்கத்தை நாம் மதிப்பதற்குக் காரணம் அது எதனோடும் சேராமல் இருப்பது. காற்று பட்டுக் கறுக்காது, தண்ணீரில் துருவேறாது. வயிற்றுக்குள் போனால் அங்கிருக்கும் அமிலமும் அதைக் கரைக்காது. இனிப்பின் மேல் ஒட்டிக் கொடுக்கும் தங்கத் தாள் போன வழியே வெளியே வந்துவிடும். நைட்ரிக் அமிலம் ஒரு பங்கு, ஹைட்ரோகுளோரிக் அமிலம் மூன்று பங்கு என்று கலந்த ராஜதிராவகம்போல ஒன்றில் போட்டால்தான் அது கரையும்.

ஆக, மருந்தாக வேண்டுமானால் தங்கம் முதலில் தன் குணத்தை விட வேண்டும். வேதியியலார் அதைக் கந்தகம் உள்ள ஒரு சேர்மத்தோடு பிணைத்து உப்பாக்கினார்கள். சோடியம் ஆரோதயோமலேட் என்பது அப்படி ஒன்று. பொன்னொளி இல்லை, மினுக்கம் இல்லை, தண்ணீரில் கரையும். எடையில் ஏறக்குறைய பாதி தங்கம். முதலில் 10 மில்லிகிராம் போட்டுப் பார்ப்பார்கள். ஒத்துக்கொண்டால் வாரம் ஒரு முறை 50 மில்லிகிராம், இடுப்புத் தசையில். மொத்தம் 1 கிராம் ஆகும்வரை அப்படியே போகும். அத்தனை வாரமும் சேர்த்து உடம்புக்குள் போகிற தங்கம் சுமார் அரை கிராம். ஒரு சின்ன மூக்குத்திக்குக் காணும்.

3

நகைப் பட்டறை ஒன்றில் பார்த்தது. வயதான ஒரு அம்மா, மோதிர விரலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மோதிரத்துக்கு மேலே மூட்டு, பாக்கு அளவுக்குப் புடைத்திருந்தது. பத்தர் முதலில் நூல் வைத்தியம் பார்த்தார். மெல்லிய நூலை மோதிரத்துக்கு அடியில் நுழைத்து, விரலை நெருக்கமாகச் சுற்றி, அடிமுனையைப் பிடித்து மெல்லப் பிரித்தார். சதை வீக்கமாக இருந்தால் மோதிரம் நூலோடு நகர்ந்து வந்துவிடும். இது எலும்பு மூட்டு, வழிவிடவில்லை.

“வெட்டிப்புடலாமா ஆத்தா?”

“வெட்டுனா சேதாரம் ஆகுமே பத்தரே.”

“பொடி வச்சு ஒட்டித் தந்துர்றேன். குண்டுமணி கொறையாது.”

தகரத் துண்டு ஒன்றை மோதிரத்துக்கும் தோலுக்கும் நடுவில் செருகினார். மடியில் ஒரு வெள்ளைத் தாள். சின்ன ரம்பத்தை நாலு இழுப்பு இழுத்ததும் மோதிரம் வாய் பிளந்தது. தாளில் கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் மஞ்சள் பொடி. அந்த அம்மா விரலைப் பார்க்கவில்லை, தாளைத்தான் பார்த்தார். பத்தரும் தாளை மடித்து, தட்டி, அராப்பொடி முழுவதையும் ஒரு மூலைக்குக் கொண்டுவந்து காட்டிவிட்டுத்தான் கையை எடுத்தார்.

தாளில் கிடந்த அந்தப் பொடி ஒரு வார ஊசிக்குத் தேவையான தங்கத்தில் பாதிகூட இருக்குமோ என்னவோ. ஆனால் அந்த அம்மாவுக்குப் பொன் என்றால் தாளில் இருப்பதுதான். இதே உலோகம் ஒரு காலத்தில் இதே மூட்டுக்காக ஊசியில் போயிற்று என்று அங்கே சொல்லியிருந்தால், என்ன விலை என்றுதான் முதலில் கேட்டிருப்பார். நானும் அதைத்தான் கேட்டிருப்பேன்.

4

ஊசிக்கதை சரவாங்கியில் தொடங்கவில்லை, காசநோயில் தொடங்கியது. காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்த ராபர்ட் கோக், 1890-இல் ஒரு செய்தி சொன்னார்: தங்கத்தின் சயனைடு சேர்மம், கண்ணாடிக் குழாயில் மிகச் சிறிய அளவிலேயே கிருமியின் வளர்ச்சியைத் தடுக்கிறது. விலங்குகளில் அது பலிக்கவில்லை. ஆனாலும் நம்பிக்கை விடவில்லை. 1920-களில் டென்மார்க்கின் மோல்கார்ட், சானோகிரைசின் என்ற தங்க உப்பைக் கொண்டுவந்தார். காசநோய்க்கு வேறு மருந்தே இல்லாத காலம். நல்ல காற்று, நல்ல சாப்பாடு, ஓய்வு, அதோடு தங்கம். ஐரோப்பிய சானடோரியங்கள் ஊசியை எடுத்துக்கொண்டன.

அமெரிக்காவில் டெட்ராய்ட் பக்கத்து சானடோரியம் ஒன்றில் ஆம்பர்சன், மக்மஹன், பின்னர் என்ற மூவர் இதைச் சோதித்துப் பார்த்தார்கள். 24 நோயாளிகள். நோயின் நிலையையெல்லாம் பார்த்து, ஒன்றுக்கொன்று நிகராக இரண்டு அணியாகப் பிரித்தார்கள். எந்த அணிக்குத் தங்கம் என்பதைத் தாங்கள் முடிவு செய்யவில்லை. ஒரு காசைச் சுண்டிவிட்டார்கள். ஓர் அணிக்கு சானோகிரைசின், மற்ற அணிக்கு வெறும் காய்ச்சி வடித்த நீர். எது தமக்குப் போகிறது என்று நோயாளிகளுக்குத் தெரியாது. 1931-இல் முடிவு வெளியானது: தங்கத்தால் நன்மை இல்லை, கெடுதி இருக்கிறது.

தங்கத்துக்கு உரைகல் இருக்கிறது. உரசிப் பார்த்து மாற்று சொல்லலாம். மருந்தாகிவிட்ட தங்கத்துக்கு அந்தக் கல் உதவாது. அங்கே உரைகல்லாக நின்றது சுண்டிவிட்ட ஒரு சில்லறைக் காசு. மருத்துவரின் ஆசை, நோயாளியின் நம்பிக்கை, பொன்னின் பெருமை மூன்றையும் ஒதுக்கி வைக்க அதுதான் வழி.

5

பிரெஞ்சு மருத்துவர் ஜாக் ஃபாரெஸ்தியே இந்தக் கதையில் இன்னொரு பக்கமாக வருகிறார். மூட்டுவாதமும் காசநோய்போல ஒரு தொற்றாக இருக்கலாம் என்று அவர் காலத்தில் பலர் எண்ணினார்கள். அப்படியானால் காசநோய்க்குக் கொடுப்பதை இதற்கும் கொடுத்துப் பார்க்கலாமே என்று தங்க ஊசி போட்டு, 1929-இல் பலனைச் சொன்னார். நினைத்த காரணம் தவறு. சரவாங்கி தொற்றுநோய் இல்லை. உடம்பின் எதிர்ப்புச் சக்தி தன் மூட்டையே பகையாக எண்ணித் தாக்குகிற நோய். ஆனால் வீக்கம் இறங்கியது, விறைப்பு குறைந்தது.

இங்கேயும் சோதனை வந்தது. 1945-இல் கிளாஸ்கோவில் ஃப்ரேசர் 103 நோயாளிகளில் பார்த்தார். 1960-ஐ ஒட்டி பிரிட்டனின் எம்பயர் ருமாட்டிசம் கவுன்சில் சுமார் 200 பேரில் பார்த்தது. தங்கம் போட்டவர்கள் மற்றவர்களைவிடத் தேறினார்கள். காசநோயில் தோற்ற அதே பொன், சரவாங்கியில் வென்றது.

இதில் என்னை நிறுத்தி வைக்கிற இடம் ஒன்று உண்டு. தப்பான காரணத்துக்காகக் கொடுத்த மருந்து சரியான பலன் தந்தது. சரியான காரணம் இருப்பதாக நம்பிக் கொடுத்தது பலன் தரவில்லை. இரண்டிலும் தங்கம் ஒன்றே. அதன் மாற்று இம்மியும் கூடவில்லை, குறையவும் இல்லை. பிறகு எதைக் கொண்டு அதை உயர்ந்த மருந்து என்பது?

6

நம் ஊருக்குப் பக்கத்துக் கதை ஒன்றும் இதோடு சேரும். 1950-களின் பின்பாதியில் சென்னையில் காசநோய் ஆய்வு மையம் ஒரு கேள்வி கேட்டது. சானடோரியத்தில் நல்ல சாப்பாடும் படுக்கையும் கொடுத்து மருந்து தருவதற்கும், நெரிசலான வீட்டிலேயே இருந்து மருந்து சாப்பிடுவதற்கும் வித்தியாசம் உண்டா? 193 நோயாளிகளைக் குலுக்கல் முறையில் பிரித்தார்கள். ஐசோனியசிட், பி.ஏ.எஸ். என்ற இரண்டு மருந்துகள், ஓராண்டு. 1959-இல் வந்த விடை: வீட்டில் இருந்தவர்களும் ஏறக்குறைய அதே அளவு குணமானார்கள். உலகின் காசநோய்ச் சிகிச்சையே அதன்பிறகு வீட்டை நோக்கித் திரும்பியது.

டெட்ராய்டில் தங்கத்தை இறக்கி வைத்த அதே முறை, சென்னையில் சாதாரண மருந்தை ஏற்றி வைத்தது. விலை உயர்ந்தது என்பதற்காக ஒன்று ஜெயிப்பதும் இல்லை, மலிவு என்பதற்காக ஒன்று தோற்பதும் இல்லை.

7

பொன் ஊசி போட்டுக்கொண்டவர்களின் வாரம் எப்படி இருந்திருக்கும்? ஊசிக்கு முன் சிறுநீர் கொடுக்க வேண்டும். அதில் புரதம் தெரிந்தால் சிறுநீரகம் தங்கத்தோடு சண்டையிடுகிறது என்று பொருள். ரத்தத்தில் வெள்ளணுவும் தட்டணுவும் எண்ணிப் பார்ப்பார்கள். தோல் அரிக்கிறதா, வாயில் புண்ணா, நாக்கில் உலோக ருசி தட்டுகிறதா என்று கேட்பார்கள். ஏதாவது ஒன்றுக்கு ஆம் என்றால் அந்த வாரம் ஊசி கிடையாது. மூன்றில் ஒருவர் அளவுக்குத் தொடர முடியாமல் நிறுத்தினார்கள்.

ஒத்துக்கொண்டவர்களுக்கும் உடனே ஒன்றும் தெரியாது. மூன்று மாதம், சிலருக்கு ஆறு மாதம். வலி அப்படியே இருக்கும்போது வாராவாரம் போய்ப் படுத்து ஊசி வாங்கிக்கொள்வது லேசுப்பட்ட பொறுமை இல்லை.

ஆரானோஃபின் என்ற தங்க மாத்திரை அமெரிக்காவில் 1985-இல் அனுமதி பெற்றது. ஊசியின் தொல்லை இல்லை, பலனும் அந்த அளவுக்கு இல்லை. வயிற்றுப்போக்குதான் கூடுதல்.

8

சித்திரையில் தங்கக் குதிரையில் ஆற்றில் இறங்கும் அழகர், அன்றிரவு எங்கள் வண்டியூர் வீரராகவப் பெருமாள் கோயிலில் தங்குவார். அழகர்கோயில் உற்சவர் மேனி அபரஞ்சித் தங்கம் என்பார்கள். நூபுர கங்கைத் தீர்த்தத்தில் மட்டுமே அவருக்குத் திருமஞ்சனம். வேறு தண்ணீர் பட்டால் மேனி கறுத்துவிடும் என்பது நம்பிக்கை.

தங்கம் கறுக்குமா என்று சிறுவயதில் கேட்டதுண்டு. மனித உடம்பில் அது கறுக்கத்தான் செய்கிறது. பல ஆண்டு ஊசி போட்டுக்கொண்ட சிலருக்கு முகத்திலும் புறங்கையிலும் சாம்பலும் நீலமும் கலந்த ஒரு நிறம் படியும். கிரைசியாசிஸ் என்று அதற்குப் பெயர். தோலுக்குள் தங்கிய பொன் துணுக்குகள் வெயில் பட்டுப் பட்டு இந்த நிறத்தைக் காட்டுகின்றன. சட்டை மூடிய இடத்தில் அது தெரியாது. ஊசியை நிறுத்தியும் போகாது. நிறுத்திப் பல ஆண்டுகள் கழித்து எடுத்த தோல் துணுக்கிலும் தங்கம் இருந்திருக்கிறது.

பொன் போட்டால் மேனி பொன்னாகும் என்பது நம் ஆசை. எம்.ஜி.ஆர். தங்க பஸ்பம் சாப்பிட்டதால்தான் அந்த நிறம் என்று மதுரையில் எத்தனை டீக்கடைகளில் பேசியிருக்கிறார்கள்! ஊசியில் ஏறிய தங்கமோ சிலரைச் சாம்பல் நிறமாக்கியது.

9

பஸ்பம் என்ற பேச்சு வந்ததால் அதையும் நிதானமாகப் பார்க்க வேண்டும். சித்த மருத்துவத்தில் தங்க பற்பம் பழைய மருந்து. தங்கத்தைத் தகடாக்கி, காய்ச்சிக் காய்ச்சிச் சாறுகளிலும் கஷாயங்களிலும் தோய்த்துச் சுத்தி செய்து, அரைத்து, வில்லை தட்டி, மண்சீலை செய்து வறட்டியில் புடம் போடுவார்கள். ஒரு புடம் போதாது. எடுத்து மறுபடி அரைத்து மறுபடி புடம். நல்ல பற்பம் விரல் ரேகைக்குள் புகும், தண்ணீரில் மிதக்கும் என்பது அவர்களுடைய சோதனை. இன்றைய கருவிகளில் தங்க பஸ்பத்தைப் பார்த்தவர்கள், அதில் இருப்பது பெரும்பாலும் நானோமீட்டர் அளவுக்கு நுணுங்கிய உலோகத் தங்கமே என்கிறார்கள். அந்த உழைப்பும் நுட்பமும் வணங்கத்தக்கவை.

ஆனால் விரல் ரேகையில் புகுவது மருந்து நுண்மையாக இருக்கிறது என்பதற்குச் சாட்சி. விரல் மூட்டு மடங்கும் என்பதற்கு அது சாட்சி ஆகாது. அதற்கு வேறு சோதனை வேண்டும். இந்த வித்தியாசம் ஐரோப்பிய ஊசிக்கும் பொருந்தியது, நம் புடத்துக்கும் பொருந்தும். யாருடைய பொன்னுக்கும் சலுகை கிடையாது. போலி பஸ்பத்தில் பாதரசமும் ஈயமும் கலந்து வருவதும், சிறுநீரகம் போனபின் அது தெரியவருவதும் தனிக்கதை.

10

பொன் ஊசியை ஓரம் தள்ளியது மெத்தோட்ரெக்சேட். புற்றுநோய்க்கென்று வந்த மருந்து. மிகக் குறைந்த அளவில் சரவாங்கிக்குக் கேட்கிறது என்று 1980-களில் உறுதியானது. இதையும் வாரம் ஒரு முறைதான் சாப்பிட வேண்டும். தினமும் போட்டுக்கொண்டால் உயிருக்கே ஆபத்து. அதனால் கிழமையைப் பெரிய எழுத்தில் எழுதித் தருவார்கள். மஞ்சள் நிறச் சின்ன மாத்திரை, ஒன்று சில ரூபாய். இதற்குப் பிறகு தங்கத்தைக் கேட்பார் குறைந்து, 2019-இல் ஊசி மருந்தின் உற்பத்தியும் பல நாடுகளில் நின்றது.

அந்த மாத்திரையின் பெயரை யாரும் பெருமையாகச் சொல்வதில்லை. ‘பொன்’ என்ற ஒரு சொல் நோயாளி மனதில் ஏற்படுத்துகிற தெம்பு அதற்கு இல்லை. இன்றும் யாராவது “தங்கம் சேர்த்த மருந்து” என்று சொல்லி ஆயிரக்கணக்கில் பணம் கேட்டால், நம் கை தன்னால் பைக்குள் போகிறது. இந்த ஊரில் பிள்ளை பிறந்தால் பொன், காது குத்தினால் பொன், தாலியும் பொன், அழகர் ஏறி வரும் குதிரையும் பொன். அப்படி வளர்ந்த மனது மருந்திலும் பொன்னைத் தேடுவதில் வியப்பில்லை.

ஆகவே கேள்வியை மாற்றிக்கொள்ளப் பழக வேண்டும். இதில் என்ன இருக்கிறது, எவ்வளவு விலை என்று நிறுத்தாமல், என்னைப் போன்ற எத்தனை பேருக்குக் கொடுத்தார்கள், கொடுக்காதவர்களை எப்படி ஒப்பிட்டார்கள், கெடுதி வந்தால் முதலில் எங்கே தெரியும் என்று கேட்க வேண்டும். பொன் ஊசி இந்தக் கேள்விகளுக்கு ஒரு நோயில் பதில் சொல்ல முடியாமல் நின்றது, இன்னொரு நோயில் சொன்னது. இதைவிட நல்ல மருந்து வந்ததும் வழிவிட்டது. மருந்து என்று வந்துவிட்டால் தங்கத்துக்கும் அவ்வளவுதான் மரியாதை. அது குறைவான மரியாதை இல்லை.