கிண்ணம் முழுகும் வரை

தை 3, இரவு

எங்கள் சேவுகம்பட்டி சோலைமலை அழகர் பெருமாள் கோயிலில் இன்று சூறை. கூடை கூடையாக வாழைப்பழம் சுமந்து வந்தார்கள். சாமிக்குப் படைத்துவிட்டுக் கூட்டத்தைப் பார்த்து வீசினார்கள். நேர்ந்துகொண்டது பலித்தவர்கள் வீசுகிறார்கள், இனிப் பலிக்க வேண்டியவர்கள் அண்ணாந்து நிற்கிறார்கள். என் கையிலும் ஒன்று விழுந்தது, காம்போரம் நசுங்கி. யார் வீசியதென்று தெரியாது.

திண்ணையில் உட்கார்ந்து உரித்தேன். கன்று ஊன்றித் தார் வெட்ட ஏறக்குறைய ஒரு வருஷம் ஆகும். வீசியவர் தன் காரியத்துக்கு எத்தனை நாள் காத்திருந்தாரோ. எனக்கு அது நாலு வாய்.

அப்பத்தாவிடம் சொன்னேன். "தின்னவனுக்கு நாலு வாய்தான்யா. எம்புட்டு நாளுன்னு நேந்தவளுக்கல்ல தெரியும்."

தை 4, மத்தியானம்

வாசலில் குச்சி ஒன்றை நட்டு நிழலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கைபேசியில் 12 மணி. நிழலோ வடமேற்கே சாய்ந்து கிடந்தது. அது குறுகி நேர்வடக்கே திரும்ப, ஏறக்குறைய இன்னும் அரைமணி ஆயிற்று.

நம் கடிகாரம் 82½ பாகைக் கிழக்குத் தீர்க்கரேகையின் உச்சிவெயிலுக்கு வைத்தது. அது மிர்சாப்பூர்ப் பக்கம் போகிறது. 1906இல் வந்த ஏற்பாடு. அதற்கு முன் சென்னைக்கென்று தனி நேரம் இருந்தது, இன்றைய நேரத்துக்கு ஒன்பது நிமிஷம் பின்னால். சேவுகம்பட்டி சென்னைக்கும் மேற்கே இருப்பதால் சுமார் 19 நிமிஷம். தைத் தொடக்கத்தில் சூரியன் இன்னொரு ஒன்பது பத்து நிமிஷம் சுணங்கும்.

குறையாகச் சொல்லவில்லை. ரயிலுக்குப் பொது நேரம் வேண்டும்தான். ஆனால் "ரொம்ப நேரம் காத்திருந்தியா?" என்று யாராவது கேட்டால், அந்த ரயில் நேரத்தையே பதிலாகக் கொடுத்துவிடுகிறோம். "அரைமணி" என்கிறோம். கேட்டவரும் தலையாட்டிவிட்டுப் போய்விடுகிறார். அந்த அரைமணிக்குள் நடந்தது நம்மிடமே தங்கிவிடுகிறது.

தை 5, இரவு

ஒரு சடங்கு உண்டாக்கினோம்.

நாழிகை வட்டில் என்று முன்பு இருந்தது. அடியில் ஊசித்துளை உள்ள கிண்ணம். தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நிறைந்து முழுகிவிடும். 60 நாழிகை ஒரு நாள், ஆக ஒரு நாழிகை 24 நிமிஷம். அரிசி அளக்கிற நாழிக்கும் ஏறக்குறைய அதே பேர்தான். அளந்து கொடுக்கலாம், கைமாற்றாக வாங்கலாம் என்கிற ஒரு சாடை அந்தச் சொல்லுக்குள் இருக்கிறது.

பழைய செம்புக் கிண்ணத்தில் ஆணியால் துளையிட்டு, குண்டாவில் தண்ணீர் நிரப்பி, நடுத்திண்ணையில் வைத்தேன். எவ்வளவு நேரத்தில் முழுகுகிறது என்று கடிகாரத்தைப் பார்க்கவில்லை. முழுகும் வரை ஒருவர் பேசலாம். தனக்கு நீண்டுபோன பொழுதோ சுருங்கிப்போன பொழுதோ ஒன்றைச் சொல்ல வேண்டும். மணிக்கணக்கு சொல்லக்கூடாது. கேட்கிறவர்கள் "எனக்கும் அப்படித்தான்" என்று குறுக்கே வரக்கூடாது. கிண்ணம் முழுகினால் பாதிப் பேச்சானாலும் அதோடு சரி.

சித்தப்பா முதலில்: "ராத்திரி த்ரீ பேஸ் கரண்டு வந்ததும் மோட்டாரப் போட்டுட்டு கடைசிப் பாத்தியில போய் உக்காந்துருவேன். இருட்டுல தண்ணி வர்றது தெரியாது. உள்ளங்காலு குளுந்தாத்தான் வந்துருச்சுன்னு அர்த்தம். அதுக்குள்ள எம் பொழப்பையே ஒரு சுத்து நெனச்சு முடிச்சிருப்பேன்."

அவர் மகளுக்கு ஒரே வரி: "பள்ளிக்கூடத்துக்குப் போகும்போது பஸ்ல அஞ்சு பாட்டு, திரும்பி வரும்போது மூணு பாட்டு. அதே ரோடுதான்." மிச்சப் பொழுது முழுக்கக் கிண்ணத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

அப்பத்தா கடைசியில். "உங்கப்பன் பொறந்த ராத்திரி. மருத்துவச்சியக் கூப்பிட வண்டி கட்டிப் போனாக. வெள்ளி மொளச்சுச்சு. கோழி கூப்புட்டுச்சு. எதுத்த வீட்டுல பால் கறக்குற சத்தம் கேட்டுச்சு..."

கிண்ணம் முழுகியது. யாரும் பேசவில்லை. அவள் தண்ணீருக்குள் கைவிட்டு அதை எடுத்தாள், நீரைக் கொட்டினாள், மறுபடி மிதக்கவிட்டாள்.

"வண்டி இன்னும் வரல" என்றாள்.

விதியை யாரும் ஞாபகப்படுத்தவில்லை.

தை 6, விடியுமுன்

தூக்கம் வரவில்லை. சித்தப்பா மோட்டார் போடப் போனபோது கூடவே போனேன். கடைசிப் பாத்தியில் செருப்பைக் கழற்றிவிட்டு உட்கார்ந்தேன். மோட்டார்ச் சத்தம் தொலைவில் கேட்டது. வாழை இலை ஒன்று இன்னொன்றில் உரசியது. தண்ணீர் எங்கே வருகிறதென்று தெரியவில்லை. சித்தப்பாவைப் போல என் பிழைப்பை ஒரு சுற்று நினைத்துப் பார்க்கத்தான் போயிருந்தேன். நினைவு அதில் நிற்கவில்லை. கிழக்கே வெள்ளி தெரிகிறதா என்று பார்த்தேன். எங்காவது வண்டிச் சத்தம் கேட்கிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன்.

அப்போது உள்ளங்கால் குளிர்ந்தது.