பந்து கையை விட்டுப் போன பின்

குனிந்திருப்பவரின் கால்களுக்கிடையே பந்து பின்னால் வருகிறது. இரண்டு கைகள் ஏந்துகின்றன.

ஏறத்தாழ மூன்று நொடி. அதற்குள் எறிந்தாக வேண்டும்.

சுற்றிலும் உடல்கள் மோதுகின்றன. நடுவில் நிற்பவருக்குக் கண் மட்டும் நகர்கிறது.

*

அமெரிக்கக் கால்பந்தில் கடிகாரம் 60 நிமிடம். ஆட்டம் முடிய மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகிறது. அதில் பந்து ஆட்டத்தில் இருப்பது ஏறத்தாழ 11 நிமிடம்.

மிச்சமெல்லாம் நிற்பது. கூடிப் பேசுவது. மூச்சு வாங்குவது. காத்திருப்பது.

*

சொந்த ஊர் ஆட்டம். பந்தை எறிபவர், குவார்ட்டர்பேக், குரல் கொடுக்கும்போது கூட்டம் தானாக அடங்குகிறது. அவர் சொல்வது அவருடைய ஆட்களுக்குக் கேட்க வேண்டும்.

எதிரணியின் கைக்குப் பந்து போனதும் கூரை அதிரக் கத்துகிறது.

பல்லாயிரம் பேர் ஒருவருக்காக அடங்கியிருக்கும் சில நொடிகள். பழைய ஒளிப்பதிவில் அதைத்தான் கேட்கிறேன்.

*

ஆண்ட்ரூ லக். 1989-இல் பிறக்கிறார்.

தந்தை ஆலிவரும் குவார்ட்டர்பேக். ஹூஸ்டன் ஆய்லர்ஸ் அணிக்கு ஆடியவர். பின்னாளில் அந்த ஆட்டத்தை ஐரோப்பாவில் நடத்தும் பொறுப்பை ஏற்கிறார். மகனின் பிள்ளைப் பருவம் லண்டனில், ஃபிராங்க்ஃபர்ட்டில் கழிகிறது. பிறகு ஹூஸ்டன். பிறகு ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம்.

அங்கே கட்டட வடிவமைப்பு படிக்கிறார்.

கோடு. சுமை. எது எதைத் தாங்குகிறது.

*

2011 ஜனவரி. ஆரஞ்ச் பௌல் ஆட்டத்தில் ஸ்டான்ஃபோர்டு 40–12 என்று வெல்கிறது. தொழில்முறை லீக்கில் முதல் ஆளாக அவரையே எடுப்பார்கள் என்று பேச்சு.

அவர் போகவில்லை. படிப்பை முடிக்கப் பல்கலைக்கழகத்திலேயே இருந்துவிடுகிறார்.

கல்லூரி ஆட்டத்தின் பெரிய விருது ஹைஸ்மன். 2010-இல் இரண்டாமிடம். 2011-இலும் இரண்டாமிடம்.

அந்த அவசரமின்மையைச் சற்று நேரம் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

*

2012. இண்டியானாபோலிஸ் கோல்ட்ஸ் அவரை முதல் ஆளாக எடுக்கிறது.

அந்த இடத்தில் 1998 முதல் இருந்தவர் பெய்ட்டன் மேனிங். கழுத்தில் அறுவை சிகிச்சைகள். 2011 முழுக்க ஆடவில்லை. அணி அவரை விடுவிக்கிறது.

ஓர் உடல் விட்டுப் போன இடம். இன்னோர் உடல் வந்து நிற்கிறது. இருபத்திரண்டு வயது.

முதல் ஆண்டில் 4,374 யார்டு எறிகிறார். 41 முறை பந்தோடு வீழ்த்தப்படுகிறார்.

*

பந்து கையை விட்டுப் போன பிறகும் அடி விழுகிறது. எறிந்தவர் மல்லாந்து கிடக்கிறார். பந்து எங்கே இறங்கியது என்பது அவருக்குத் தெரியவில்லை. கூட்டத்தின் சத்தத்தை வைத்துத் தெரிந்துகொள்கிறார்.

புல்லின் வாசனை அருகில் இருக்குமோ. செயற்கைப் புல்லுக்கு என்ன வாசனை.

*

தன்னைச் சாய்த்தவரிடம், நல்ல அடி என்கிறார் லக். மனதாரத்தான் சொல்கிறார். அடித்தவர்கள் திகைக்கிறார்கள். பதில் சொல்லத் தெரியாமல் திரும்பிப் போகிறார்கள்.

கோபம் வரவேண்டிய இடத்தில் ஒன்றும் வரவில்லை.

*

2014 ஜனவரி 4. கன்சாஸ் சிட்டி சீஃப்ஸ் எதிரே. மூன்றாம் கால்பகுதியில் 38–10 என்று பின்தங்கியிருக்கிறார்கள். அவர் எறிந்த மூன்று பந்துகள் எதிரணியின் கைக்குப் போகின்றன.

பிறகு ஒவ்வொன்றாக ஏறுகிறது.

எல்லைக்கோட்டருகே சொந்த அணியில் ஓடுபவரின் கையிலிருந்து பந்து நழுவுகிறது. இன்னொருவர் மேல் பட்டு எகிறுகிறது. லக் எடுக்கிறார். பாய்கிறார். கோடு தாண்டுகிறார்.

யோசித்துச் செய்ததாகத் தெரியவில்லை. கை அங்கே இருக்கிறது. பந்தும் அங்கே இருக்கிறது.

45–44. கோல்ட்ஸ் வெல்கிறது.

*

2015. தோளில் காயம். ஆடுகிறார்.

நவம்பரில் டென்வர் பிராங்கோஸ் ஆட்டம். சிறுநீரகம் கிழிகிறது. வயிற்றுத் தசையும். அந்த ஆட்டத்தை ஆடி முடிக்கிறார். அணி வெல்கிறது.

சிறுநீரில் இரத்தம்.

இதை எழுதும்போது என் வலது கை தானாக விலாவுக்குக் கீழே போகிறது. அங்கே சூடு. மெல்ல ஏறி இறங்கும் மூச்சு.

*

2016-இலும் அதே தோளோடு ஆடுகிறார். 2017 ஜனவரியில் அறுவை சிகிச்சை. அந்த ஆண்டு முழுக்க ஓர் ஆட்டம்கூட இல்லை.

நெதர்லாந்துக்குப் போகிறார், சிகிச்சைக்காக.

எறியத் தெரிந்த கை மறுபடியும் எறியப் பழகுகிறது. அருகிலிருப்பவருக்கு. பிறகு கொஞ்சம் தள்ளி நிற்பவருக்கு.

தோள் எப்போது சரி என்று சொல்லும். மற்றவர்கள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள்.

*

2018. திரும்பி வருகிறார். புள்ளி தரும் டச்டவுன் எறிகள் 39. பருவம் முழுவதும் 18 முறைதான் வீழ்த்தப்படுகிறார். மீண்டு வந்தவருக்கான விருது அவருக்கு.

கை சொன்னபடி கேட்கிறது. அவருக்கு முன்னால் நிற்பவர்கள் ஒரு சுவராக நிற்கிறார்கள்.

அடுத்த வேனிலில் கெண்டைக்காலில் காயம். பிறகு கணுக்காலில்.

*

2019 ஆகஸ்ட் 24. பருவத்துக்கு முந்தைய ஆட்டம், சிகாகோ பேர்ஸ் எதிரே. லக் ஆடவில்லை. ஓரத்தில் நிற்கிறார்.

ஆட்டம் நடக்கும்போதே செய்தி கசிகிறது. அவர் ஓய்வு பெறுகிறார். கைபேசித் திரைகளில் அது பரவுகிறது.

ஆட்டம் முடிகிறது. அவர் உள்ளே போக நடக்கிறார். கூட்டம் கேலிக்குரல் எழுப்புகிறது.

அவர் குரலுக்காக அடங்கியிருந்த அதே அரங்கம்.

*

அன்றிரவே பேசுகிறார். குரல் தடைபடுகிறது. காயம், வலி, சிகிச்சை, மறுபடி காயம். நான்கு ஆண்டுகளாக அந்தச் சுழல். ஆட்டத்தின் மகிழ்ச்சி போய்விட்டது என்கிறார்.

கூட்டத்தின் குரல் காதில் விழுந்தது, வலித்தது என்கிறார். அதையும் மறைக்கவில்லை.

முப்பது வயதுக்கு இன்னும் ஏறத்தாழ மூன்று வாரம் இருக்கிறது.

*

அந்தக் கூட்டத்தில் நானும் இருந்திருக்கலாம். பல மாதம் காத்திருந்து, சீட்டு வாங்கி, நீல உடை உடுத்தி. எது என் வாயிலிருந்து வந்திருக்கும்.

எண்ணம் வருகிறது. இருக்கிறது. போகிறது.

*

பிறகு அவர் அதிகம் வெளியே தெரிவதில்லை. ஸ்டான்ஃபோர்டுக்குத் திரும்புகிறார். கல்வித் துறையில் முதுகலை படிக்கிறார்.

2024 நவம்பரில் அங்குள்ள கால்பந்து அணியின் பொது மேலாளர் ஆகிறார். 2025-க்குத் தலைமைப் பயிற்சியாளராக ஃபிராங்க் ரைக் வருகிறார். 2018-இல் கோல்ட்ஸில் லக்குக்குப் பயிற்சி தந்தவர். இம்முறை ரைக்கை அழைத்தவர் லக்.

*

அங்கே எறிபவர்கள் பத்தொன்பது, இருபது வயதுப் பிள்ளைகள். அவர்களுடைய தோள்களை அவர் எப்படிப் பார்ப்பார்.

தோள் இப்போதும் வலிக்கிறதா என்று அவரிடம் கேட்கத் தோன்றுகிறது. கேட்காமல் இருக்கவும் தோன்றுகிறது.