மறைக்கப்பட்ட பட்டம்

பசுவந்தனைப் பக்கத்துக் கரிசல் நிலத்தில் மானாவாரி வேளாண்மை செய்யும் அன்பர் ஒருவர் அண்மையில் நம்மை நாடி வந்தார். அவருடைய மகன் பட்டதாரி. விண்ணப்பிக்க எண்ணியுள்ள கடைநிலைப் பணியோ பன்னிரண்டாம் வகுப்புக்கு மேல் படித்திராதவர்க்கே உரியது. “படிக்காததைப் படித்ததாக எழுதினால் பொய், ஹஜ்ரத், அது எங்களுக்கும் தெரியும். படித்ததை எழுதாமல் விட்டால் அதுவும் பொய்தானா?” என்று கேட்டார்.

இது உச்ச நீதிமன்றம் வரை சென்ற கேள்வியாகும். பஞ்சாப் நேஷனல் வங்கி 2016 ஆம் ஆண்டையொட்டி ஒடிசாவில் பியூன் பணிக்கு ஆள் தேடியபோது, பன்னிரண்டாம் வகுப்புத் தேறியிருக்க வேண்டும், பட்டதாரியாக இருத்தல் கூடாது என்று விளம்பரத்திலேயே விதித்திருந்தது. 2014 ஆம் ஆண்டிலேயே பட்டம் பெற்றிருந்த ஓர் இளைஞர் அதனைக் குறிப்பிடாமல் விண்ணப்பித்துத் தேர்வும் பெற்றார். பின்னர்ச் செய்தி வெளிப்பட்டது. வங்கி அவரை ஏற்க மறுத்தது. ஒரிஸா உயர் நீதிமன்றம் இளைஞர் பக்கம் நின்றது. 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கி வங்கியின் முடிவையே நிலைநிறுத்தியது. நிபந்தனை தவறென்று கருதியிருப்பின் தொடக்கத்திலேயே அதனை எதிர்த்திருக்க வேண்டும். அதற்குட்பட்டு விண்ணப்பித்து உண்மையை மறைத்தவர் பின்னர் உரிமை கோரல் ஆகாது என்பது அதன் சாரம். இதே நீதிமன்றம் 2000 ஆம் ஆண்டில், நாகபுரி மாவட்ட நீதிமன்றப் பியூன் பணி குறித்த வழக்கில், கூடுதலாகப் படித்திருப்பதையே காரணமாக்கி ஒருவரை ஒதுக்குதல் அறிவுக்குப் பொருந்தாது என்னும் கருத்தைக் கொண்டிருந்தது என்பதையும் சொல்லிவிடுவோம்.

நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மதீனாவின் கடைவீதியில் ஒரு தானியக் குவியலுக்குள் கையை விட்டு, மழையில் நனைந்தது அடியில் மறைந்திருக்கக் கண்டு வணிகரைக் கண்டித்த வரலாறு நாமறிந்ததே. உளுந்து மூட்டையைப் பிரித்துப் பார்த்து வாங்கும் நம் கரிசல் மக்களுக்கு அதனை விளக்கவும் வேண்டுவதில்லை. ஆனால் பட்டத்தை மறைப்பவர் நல்லதை அடியில் வைத்து மட்டமானதை மேலே காட்டுகிறார்! வாங்குபவர்க்கு இதில் நட்டம் யாது? இவ்வாதத்தில் நாமும் சற்று நேரம் மயங்கித்தான் இருந்தோம்.

ஸகாத்தின் சட்டத்தை எண்ணியபோது மயக்கம் தெளிந்தது. அங்கு இல்லாமையே தகுதி. உடல் வலிவுள்ள இருவர் தருமப் பொருளில் பங்கு கேட்டு வந்து நின்றனர். அண்ணலார் அவர்களை ஏறிட்டு நோக்கி, செல்வர்க்கும் உழைத்து ஈட்ட வல்லார்க்கும் இதில் பங்கில்லை என்பதை எடுத்துரைத்து, பெறுவதா விடுவதா என்பதை அவர்களிடமே விட்டுவிட்டார்கள் என ஹதீஸ் நூல்கள் கூறுகின்றன. பட்டத்தை மறைப்பதால் வங்கிக்கு நேரும் இழப்பு சிறிதே. கல்லூரி வாசலை மிதிக்க வழியின்றித் தீப்பெட்டி ஆபீசுக்குப் போய்த் தங்கையைப் படிக்க வைக்கும் பிள்ளை ஒருவன் அந்த ஓரிடத்தை நம்பி வரிசையில் நின்றிருப்பான் அன்றோ? அவனுடைய பங்கு எங்கே போயிற்று?

இதனால் நிபந்தனை விதித்தோர் யாவரும் நீதிமான்கள் என்று நாம் கூறவில்லை. சோறு போடாத பட்டம் பெயரளவிலான செல்வமே. அத்தகைய செல்வத்துக்கு ஸகாத்தும் கடமையாகாது. யூஸுஃப் (அலை) அவர்கள் எகிப்து மன்னரிடம் தமது அறிவையும் நேர்மையையும் தாமே எடுத்துரைத்துக் களஞ்சியப் பொறுப்பைக் கேட்டார்கள். கற்றதைச் சொல்லக் கூசி நிற்கும் நிலைக்கு நம் பிள்ளைகள் வந்துவிட்டார்களே என்பது நமக்குப் பெருந்துயரமாகவே உள்ளது.

பட்டத்தை எழுதியே அனுப்புங்கள் என்று அன்பரிடம் கூறினோம். நிபந்தனை அநீதி எனத் தோன்றினால், மதுரையில் 2004 முதல் உயர் நீதிமன்றக் கிளை இருக்கிறது. தேர்வுக்கு முன்னரே வெளிப்படையாக வழக்காடலாம் என்றும் சொன்னோம்.

“வழக்கு முடியும் மட்டும் வீட்டில் அடுப்பு எரியணுமே, ஹஜ்ரத்” என்றார்.

அதற்கு நம்மிடம் ஃபத்வா இல்லை. விண்ணப்பத்தின் கடைசி நாளுக்கு இன்னும் நான்கு நாள் இருந்தது.