உரிமமும் உரிமையும்

காய்கறி, பூ, பழம் ஆகியவற்றை நம் தெருவுக்கே கொண்டுவந்து தருவோர் தெரு வணிகர். தள்ளுவண்டியும் தரைக்கடையும் தலைச்சுமைக் கூடையுமே அவர்தம் முதல். மழை பெய்தால் அன்றைய வருவாய் இல்லை. வண்டி பறிபோனாலோ மறுநாள் அடுப்பு எரிவதில்லை. இத்தகையோர் பொதுச் சாலையின் ஓரத்தில் நின்று பிழைப்பது அவர்தம் உரிமையா, அன்றி ஊரார் காட்டும் இரக்கமா? இவ்வினாவை இங்குச் சிறிது ஆராய்வோம்.

இரக்கம் எனில், காட்டுவோர் விரும்பியபோது அதனை நிறுத்திக்கொள்ளலாம். உரிமை எனில், தடுப்போர் காரணம் கூறியாக வேண்டும். சொல்லளவில் சிறிதாகத் தோன்றும் இவ்வேறுபாடு, அன்றாடம் உழைத்து உண்போர்க்கு மிகப் பெரிது.

1985ஆம் ஆண்டு, பம்பாய் நடைபாதைவாசிகள் தொடர்பான வழக்கில், உயிர்வாழும் உரிமையுள் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என உச்ச நீதிமன்றம் கூறியது. 1989இல், புதுதில்லி நகராட்சிக் குழுவுக்கு எதிரான சோதன் சிங் வழக்கில், ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு மேலும் தெளிவுபடுத்தியது. தெருவில் வணிகம் செய்தல் அரசியலமைப்பின் 19ஆம் உறுப்பு அளிக்கும் தொழில் உரிமையைச் சார்ந்தது. சாலை நடப்பதற்கு மட்டுமே உரியது எனக் கூறி அதனை மறுத்தல் ஆகாது. எனினும் பொதுநலன் கருதி அரசு நியாயமான கட்டுப்பாடுகளை விதிக்கலாம். குறிப்பிட்ட ஓரிடத்தைத் தமக்கே உரியது என எவரும் கோர இயலாது என்பன அத்தீர்ப்பின் சாரம்.

தொழிலுக்கு உரிமை உண்டு, இடத்திற்கு உரிமை இல்லை என்றால், அவ்வுரிமையின் பயன் யாது? பூ விற்பவளுக்குக் கோயில் வாயிலும், பழம் விற்பவருக்குப் பேருந்து நிலையமும் அல்லவோ மூலதனம்! இவ்விடைவெளியை நிரப்ப ஒரு சட்டம் தேவைப்பட்டது. 2010இல் கெயிண்டா ராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதனை வலியுறுத்தியது. தெரு வணிகர் பிழைப்புப் பாதுகாப்புச் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறி 2014 மே முதல் நாள் நடைமுறைக்கு வந்தது.

அச்சட்டப்படி, ஐந்தாண்டுக்கு ஒரு முறையேனும் கணக்கெடுப்பு நடத்தி, தெரு வணிகர்க்கு விற்பனைச் சான்றிதழ் வழங்க வேண்டும். கணக்கெடுப்பு முடிந்து அனைவர்க்கும் சான்றிதழ் தரும் வரையில் எவரையும் அகற்றுதல் கூடாது. அகற்ற நேரின் 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். சரக்கைக் கைப்பற்றினால் பட்டியல் தருதல் கட்டாயம். உரிய கட்டணம் செலுத்தி உரியவர் கோரிய அன்றே அழுகும் பொருளைத் திருப்பித் தருதல் வேண்டும். நகர விற்பனைக் குழுவில் நூற்றுக்கு நாற்பது பேருக்குக் குறையாமல் வணிகர்களே இருப்பர். அவருள் மூன்றில் ஒரு பங்கினர் பெண்கள்.

எதிர்வாதத்தையும் புறக்கணித்தல் முறையன்று. நடைபாதை நடப்போர்க்கு உரியது. எழுபதைக் கடந்த எனக்கும், கண்பார்வை இழந்தோர்க்கும், சக்கர நாற்காலியில் செல்வோர்க்கும் அது தடையின்றி இருத்தல் வேண்டும். வாடகையும் வரியும் செலுத்தும் கடைக்காரரின் மனக்குறையும் பொய்யன்று. சட்டமும் இவற்றை மறக்கவில்லை. விற்பனைக்கு உரிய பகுதி, தடைசெய்யப்பட்ட பகுதி எனப் பிரிக்கவும், வணிகர் எண்ணிக்கையை மக்கள்தொகையில் இரண்டரை விழுக்காட்டிற்குள் அமைக்கவும் அது வழி செய்கின்றது. சான்றிதழ் பெற்றவர் தாமோ தம் குடும்பத்தாரோ மட்டுமே வணிகம் செய்ய வேண்டும். பிறர்க்கு வாடகைக்கு விடுதல் கூடாது.

ஆகவே சான்றிதழ் என்பது இருதரப்பினர் தந்த வாக்கு. தமக்குக் காட்டிய எல்லைக்குள் நிற்பேன் என வணிகர் வாக்களிக்கின்றார். எல்லைக்குள் நிற்கும் வரை உம்மைத் துரத்தோம் என நகராட்சி வாக்களிக்கின்றது. வணிகர் எல்லை மீறினால் அபராதம் உண்டு. நகராட்சி வாக்கு மீறி, அறிவிப்பின்றி வண்டியைக் கவிழ்த்தால்? அவர் நீதிமன்றம் செல்லலாம் என்பர். ஒரு நாள் வருவாயை இழந்தால் மறுநாள் பட்டினி கிடப்பவர்க்கு அது எளிதோ? வலியோர் வாக்குத் தவறும்போது எளியோரே துன்புறுவர். ஆதலின் வாக்கைக் காக்கும் கடமை வலியோர்க்கே மிகுதி.

தவறு செய்த மாணவனையும் கேட்ட பின்னரே தண்டிக்க வேண்டும் என்பது ஆசிரியர் பயிற்சியில் எங்களுக்குப் போதிக்கப்பட்ட நெறி. பத்து வயதுச் சிறுவனுக்கு உரிய அந்நீதி, குடும்பத்தைத் தாங்கும் தாய்க்கு இல்லாமற் போகலாமா? ஒருவரை அடித்தல் மட்டும் துன்புறுத்தல் அன்று. அவர் உண்ணும் வழியை அடைத்தலும் துன்புறுத்தலேயாகும்.

அதிகாரிகளை மட்டும் குறை கூறுதல் எளிது. நடைபாதையை அகற்றுமாறு மனுக் கொடுப்போரும், அவரிடமே பேரம் பேசி மலிவாக வாங்குவோரும் இல்லறத்தாராகிய நாமே. மனுவில் கையெழுத்திடுமுன், "இவர்களுக்கு எங்கே இடம் ஒதுக்கினீர்கள்? கணக்கெடுப்பு முடிந்ததா?" என்று நகராட்சியிடம் கேட்போம். வழி அடைபட்டிருப்பின் அதையும் தயங்காது கூறுவோம். நடப்பவர்க்கு வழியும் விற்பவர்க்கு இடமும் ஒருசேர வேண்டுதலே நடுநிலை. இரக்கம் நம் மனநிலையைப் பொறுத்து வளரும், தேயும். உரிமையோ நம் மனநிலைக்குக் காத்திராது. தெரு வணிகர் நம்மிடம் வேண்டுவது பின்னதையே.